இடியும் மின்னிறக்கமும்

"இடி விழுந்து மாண்டான்" என்பது தமிழ் வழங்கும் ஊர்களிலெல்லாம் கேட்கும் பேச்சு. மரம் பட்டுப்போனாலும், மாடு இறந்தாலும், கோபுரத்தின் கலசம் சிதைந்தாலும் பழியை இடியின்மீதே சுமத்துகின்றோம். சினங்கொண்டவன் "உன் தலையில் இடி விழ" என்று வைகின்றானேயன்றி மின்னல் விழ என்று வைவதில்லை. மின்னலையோ நாம் அழகுக்கு ஒதுக்கி வைத்துவிட்டோம். பெண்ணின் இடைக்கு அதனை உவமை கூறிப் புலவர்கள் மகிழ்ந்தனர். நாமும் கேட்டு மகிழ்ந்தோம். கொல்வது யாது, ஒலிப்பது யாது என்பதில் நேர்ந்த இம்மாறாட்டம் சொல்லாராய்ச்சி செய்வோர்க்கு மட்டுமே உரிய சிறு செய்தியென்று தோன்றலாம். மரத்தடியில் நின்று பிழைக்கும் தோட்டப்புறத்து மக்களுக்கு அது அத்துணைச் சிறிய செய்தியன்று.

பழந்தமிழில் மின் என்பது ஒளிக்கும், வானத்து மின்னற்கொடிக்கும் உரிய சொல். இடிக்கு உரும், உருமேறு, இடியேறு எனப் பெயர்கள் உண்டு. வடமொழியினின்று அசனி என்பதும் வந்து சேர்ந்தது. உருமேறு பாம்பின் உயிரைப் போக்கும் என்னும் நம்பிக்கை சங்கப் பாட்டுக்களிலேயே பேசப்படுகின்றது. அடிக்கும் தொழிலை ஒலியுடைய பொருளுக்குக் கொடுத்தது தமிழர் மட்டுமே செய்த பிழையுமன்று. நம் அண்டை வீட்டாராகிய மலாய்க்காரர் மின்னலைக் கீலாட் என்பர். ஆனால் ஒருவன் இறந்துபட்டால் அவனைப் பெத்திர், அஃதாவது இடி, பருந்துபோற் பாய்ந்து கவ்விற்று என்பர். அம்பெய்தது என்றும் கூறுவர். இந்நாட்டில் நிலத்தைத் தோண்டும்போது கிடைத்த கற்காலக் கோடரிகளைப் பாத்து லிந்தார் என்று பெயரிட்டு, அவை இடியோடு வானத்தினின்று விழுந்த கற்கள் என்று முன்னோர் பேணி வைத்தனர். ஐரோப்பியக் குடியானவர்களும் அதே கற்களைப் பற்றி அதே கதையைச் சொல்லிவந்தனர். விழுவது என்றாலே ஒரு கட்டிப்பொருள் வேண்டும் என்று மனித மனம் எண்ணுகின்றது போலும்.

உண்மையில் விழுவதற்கு இடி என்று ஒரு பொருளில்லை. மேகத்துக்குள் பனித்துகள்களும் நீர்த்துளிகளும் ஒன்றோடொன்று மோதுவதால் இருவகை மின்னும் பிரிந்து நிற்கின்றன. எதிர்மின் பெரும்பாலும் மேகத்தின் அடிப்புறத்தே திரள்கின்றது. காற்று மின்னை எளிதிற் கடத்தாது. ஆயினும் அதன் பொறுமைக்கும் ஓர் எல்லையுண்டு. வறண்ட காற்றிலேயே மீட்டருக்கு ஏறத்தாழ 30 லட்சம் வோல்ட்டு என்னும் அளவில் அத்தடை முறிந்துவிடும். தடை முறிந்தவிடத்து, திரண்டிருந்த மின் ஒரு நொடியினும் மிகச் சிறிய பொழுதில் பாய்ந்து தீர்கின்றது. வீட்டிலே தண்ணீர் காய்ச்சும் மின்கெத்தலில் ஓடுவது 10 ஆம்பியர் அளவு. ஒரு மின்னலில் ஓடுவதோ பெரும்பாலும் 30,000 ஆம்பியர் அளவு. அப்பாதையிலுள்ள காற்று ஏறத்தாழ 30,000 பாகை வெப்பமடைகின்றது; கதிரவனது மேற்பரப்பைப்போல் ஐந்து மடங்கு. அவ்வாறு சுட்ட காற்று வெடித்து விரியும் ஓசையே இடி. ஒலி ஒரு கிலோமீட்டரைக் கடக்க மூன்று நொடி வேண்டும். ஆதலின், இடியோசை காதில் விழும்போது அதை உண்டாக்கிய மின்னலின் வேலை எப்போதோ முடிந்துபோயிற்று.

பாய்ந்து தீர்தல் என்று மேலே கூறிய இச்செயலுக்கு ஆங்கிலத்தில் டிஸ்சார்ஜ் என்று பெயர். தோட்டத்துக் கிராணியாக இருப்பவன் இச்சொல்லை ஒரு நாளில் நாலைந்து பொருளில் எழுத வேண்டியிருக்கின்றது. ஆஸ்பத்திரியிலிருந்து ஆள் வெளிவந்தால் டிஸ்சார்ஜ். வேலையிலிருந்து ஆளை நீக்கினாலும் டிஸ்சார்ஜ். புண்ணிலிருந்து சீழ் வடிந்தால் டிரெஸ்ஸரின் குறிப்பிலும் அதுவே. கடனைத் தீர்ப்பதற்கும் அதுவே. இக்கடைசிப் பொருள் தோட்டத் தமிழர் வரலாற்றில் கசப்பான பொருள். இலங்கைத் தேயிலைத் தோட்டங்களில் துண்டு என்றொரு முறை இருந்தது. இன்ன தொகையைக் கட்டினால் இன்ன கங்காணியையும் அவன் ஆட்களையும் விடுவிப்பேன் என்று துரை எழுதிக்கொடுக்கும் சீட்டு அது. கடன் ஆளோடு ஒட்டிக்கொண்டு தோட்டத்துக்குத் தோட்டம் சென்றது; 1921-ஆம் ஆண்டிற் சட்டத்தினால் அம்முறை ஒழிக்கப்பட்டது. மின்னுக்கும் கடனுக்கும் என்ன உறவு என்று வாசகர் வினவலாம். உறவு சுமையில் இருக்கின்றது. சார்ஜ் என்னும் ஆங்கிலச் சொல்லின் வேர் வண்டியைக் குறிக்கும் இலத்தீன் சொல். வண்டியில் ஏற்றிய பாரம் சார்ஜ்; பாரத்தை இறக்குதல் டிஸ்சார்ஜ். கப்பலுக்கும், கடனுக்கும், துப்பாக்கியில் இட்ட மருந்துக்கும் அச்சொல் பின்னர்ப் பரவிற்று.

மின்னுக்கு அது வந்த வழி துப்பாக்கியின் வழியே. 1745-ஆம் ஆண்டில் கிளைஸ்ட் என்னும் ஜெர்மானியரும், அதையடுத்து ஹாலந்து நாட்டு லெய்டன் நகரத்து மூஷன்புரூக்கும், கண்ணாடிச் சாடி ஒன்றில் மின்னைத் திரட்டி வைக்கலாம் என்று கண்டனர். 1746-இல் பிரெஞ்சு மன்னன் முன்னிலையில் நோலே என்னும் பாதிரியார் 180 காவற்படையினரைக் கைகோத்து நிற்கச் செய்து அச்சாடியைத் தொடுவித்தார். அத்தனை பேரும் ஒரே கணத்தில் துள்ளிக் குதித்தனராம். அரண்மனையில் அது வேடிக்கை. அமெரிக்காவில் பெஞ்சமின் பிராங்க்ளின் அதனைக் கணக்கெடுத்தார். சாடிக்குள் மின் ஏறுவதைத் துப்பாக்கிக்கு மருந்திடுதலாகவும், அது பொறியாகப் பாய்வதை வெடி தீர்த்தலாகவும் கொண்டு, சார்ஜ், டிஸ்சார்ஜ் என்னும் சொற்களை அவர் தம் கடிதங்களில் ஆண்டார். பல சாடிகளைச் சேர்த்து வைத்த வரிசைக்குப் பீரங்கி வரிசையின் பெயராகிய பாட்டரி என்பதை இட்டவரும் அவரே. கைவிளக்கில் நாம் போடும் பாட்டரி போர்க்களத்திலிருந்து வந்த சொல் என்பதை அறிந்தோர் சிலரே.

சாடியிலே பாயும் பொறியும் வானத்திலே பாயும் மின்னலும் ஒன்றே என்பது பிராங்க்ளினது துணிபு. அவர் எழுதிய முறையைப் பின்பற்றி, 1752 மே 10-ஆம் நாள் பாரிசுக்கு அருகிலுள்ள மார்லி என்னும் சிற்றூரில் நட்ட இரும்புக் கம்பியினின்று மின்பொறிகள் எடுக்கப்பட்டன. அவ்வாண்டிலேயே அவர் காற்றாடி விட்டுத் தாமும் அதனைச் சோதித்தார். (காற்றாடியில் மின்னல் விழுந்தது என்று பள்ளிக்கூடக் கதைகள் கூறும்; விழுந்திருந்தால் அவர் பிழைத்திரார். மேகத்தடியிலிருந்த மின் சிறிதளவு நூல்வழியே வந்தது, அவ்வளவே.) அடுத்த ஆண்டிலேயே ரஷ்யத் தலைநகரில் ரிக்மன் என்னும் பேராசிரியர் இதே ஆராய்ச்சியில் மின்னல் தாக்கி உயிரிழந்தார்.

இங்கே மொழிநூலார் கவனிக்கத்தக்க ஒன்று உளது. மேனாட்டார் மின்சாரத்துக்கு வைத்த பெயர் அம்பர் என்னும் மரப்பிசின் கல்லின் கிரேக்கப் பெயரினின்று பிறந்தது. அக்கல்லைத் துணியில் தேய்த்தால் துரும்பை இழுக்கும். 1600-இல் கில்பர்ட் என்னும் ஆங்கில மருத்துவர் அவ்வியல்பு பல பொருள்களுக்கும் உண்டென்று காட்டி அப்பெயரை நிலைநாட்டினார். அராபியரும், வைக்கோலைக் கவர்வது எனப் பொருள்படும் பாரசீகப் பெயரால் அதே கல்லையே சுட்டி மின்சாரத்தைக் கஹ்ரபா என்கின்றனர். அங்கெல்லாம் மின்னலுக்குப் பெயர் வேறு, மின்சாரத்துக்குப் பெயர் வேறு. இரண்டும் ஒன்றென்பதை மாணவன் பாடமாகக் கேட்டே அறிய வேண்டும். நமது பக்கத்தில் அப்படியில்லை. தமிழில் மின்னலும் மின்சாரமும் ஒரே வேர். வடமொழியில் வித்யுத் என்றால் மின்னல். அதுவே வடநாட்டு மொழிகளில் மின்சாரத்துக்கும் ஆயிற்று. பாசிர் பெனம்பாங்கில் மீன் பிடிக்கும் சீனர் மின்சாரம் என்று எழுதும் எழுத்துக்கும் முதற்பொருள் மின்னலே. அவ்வெழுத்தின் தலையில் மழை என்னும் குறி அமர்ந்திருக்கின்றது. பிராங்க்ளின் உயிரைப் பணயம் வைத்து மெய்ப்பித்த உண்மை, இம்மொழிகளைப் பேசுவோன் வாயில் வேராகவே கிடக்கின்றது. இது நம் முன்னோர் மின்சாரத்தை அறிந்திருந்தனர் என்பதற்குச் சான்று என்று எவரேனும் பெருமை பேசப் புகுவராயின், அது வீண். அறிவியல் வந்தபின் பெயரிட்டமையால் நமக்கு வாய்த்த நலம் இது. அவ்வேரும் எல்லாவிடத்தும் வழிகாட்டாது. கம்போங் குவாந்தான் ஆற்றங்கரையில் பெரெம்பாங் மரங்களிற் கூடி ஒருசேர இமைக்கும் மின்மினியிடத்து மின் என்னும் சொல் இருக்கின்றதேயன்றி மின்னிறக்கம் இல்லை. அதன் உடலில் நிகழ்வது வெப்பந்தராத ஓர் இரசாயன ஒளி.

நிற்க. மின் நம்மிடம் வந்தது முன்னே. அதைப் பேசும் சொற்கள் வந்தது பின்னே. சிலாங்கூரில், நம் தோட்டங்களுக்கு அப்பாலுள்ள ரவாங்கில், தம்புசாமிப் பிள்ளையும் லோக் இயூவும் தம் ஈயச் சுரங்கத்துக்கு மின்னாக்கிப் பொறியை அமைத்தது 1894-ஆம் ஆண்டில். இந்நாட்டு மின்சார வரலாற்றின் முதற்பக்கத்தில் ஒரு தமிழர் பெயர் இருக்கின்றது. அறிவியற் சொற்களை ஆக்கவென்று சேலத்தில் இராஜகோபாலாச்சாரியாரும் வெங்கடசுப்பையரும் ஒரு சங்கம் கண்டதோ 1916-இல். சென்னை மாகாணத் தமிழ்ச் சங்கம், சுவாமி விபுலாநந்தர் முதலிய அறிஞர்களின் உழைப்பால் கலைச்சொற்கள் என்னும் தொகுப்பை வெளியிட்டது 1938-இல். 1940-இல் சென்னை அரசாங்கம் சீனிவாச சாஸ்திரியார் தலைமையில் அமைத்த குழு வடசொற்பக்கம் சாய, தமிழறிஞர் கிளர்ந்தெழுந்தனர். அக்கிளர்ச்சி இல்லையேல் மின் என்னும் ஈரெழுத்து இருந்தும் நம் பிள்ளைகள் ஒருவேளை வித்யுத் என்றே எழுதிக்கொண்டிருப்பர்.

இவ்வாறு வளர்ந்த பாடநூல் தமிழில் டிஸ்சார்ஜுக்கு அமைந்த சொல்லே மின்னிறக்கம். சார்ஜ் என்பதற்குத் தமிழ்நாட்டார் மின்னூட்டம் என்கின்றனர். இலங்கையார் மின்னேற்றம் என்கின்றனர். என் கருத்தில் இலங்கையார் சொல்லே சிறந்தது. ஊட்டியதை இறக்குவது வழக்கமன்று. ஏற்றியதை இறக்குவதே வழக்கம். ஏற்றமும் இறக்கமும் மூட்டை சுமந்தவன் மொழி. ஆங்கிலச் சொல்லின் வேரிலுள்ள வண்டிப்பாரமும் அதுவே. இறக்கம் என்றால் மேலிருந்து கீழ் வருவது என்றல்லவா பொருள்படும், மேகத்துக்குள்ளேயே பாயும் மின்னலும் உண்டே என்று சிலர் தடை கூறுவர். மின்னல்களிற் பெரும்பான்மை மேகத்தைவிட்டு வெளியே வருவதில்லை என்பதும், மண்ணுக்கு வரும் மின்னலை எதிர்கொள்ள உயர்ந்த மரத்தின் நுனியினின்று ஒரு மின்கீற்று மேலே எழுவதும் மெய்யே. ஆனால் பாசிர் பெனம்பாங் என்னும் பெயரை நோக்குக. பெனம்பாங் என்பது கூலிக்கு ஆளேற்றிக் கரை சேர்க்கும் தோணி. அத்தோணி இக்கரையிலும் ஆளை இறக்கும், அக்கரையிலும் இறக்கும். மேடு பள்ளம் பார்ப்பதில்லை. பாரத்தை விடுதலே இறக்கம்.

மலாய் மொழியார் வேறு வழி கொண்டனர். ஆங்கிலச் சொல்லைச் சாஸ் என்று ஏற்று, போ என்னும் பொருளுடைய ஞா என்பதை முன்னே சேர்த்து ஞாசாஸ் என்றனர். நம் பிள்ளைகள் ஆறாண்டு தமிழ்ப்பள்ளி முடித்தபின் படிப்பது அச்சொல்லையே. நானோ அறிவியலை ஆங்கிலத்திற் கற்ற தலைமுறையைச் சேர்ந்தவன். 2003-இல் இந்நாட்டுப் பள்ளிகளில் அறிவியலும் கணிதமும் ஆங்கிலத்துக்கு மாற்றப்பட்டு, 2009-இல் அதனைக் கைவிட முடிவாயிற்று. இடைப்பட்ட மாணவர்களுக்கு டிஸ்சார்ஜ் என்பது பரீட்சைக்குரிய சொல். இடி விழுதல் என்பது பாட்டி சொல். இரண்டையும் இணைக்கும் மின்னிறக்கம் காதில் விழவேயில்லை.

இறக்கம் ஒரே வகைத்தன்று. கணத்தில் தோன்றி மறைவது மின்பொறி. மோட்டார் சைக்கிளின் பிளக்கில் பெட்ரோல் ஆவியைக் கொளுத்துவது அது. அறாது நின்று எரிவது மின்வில்; 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஹம்ப்ரி டேவி இரு கரித்துண்டுகளுக்கிடையே அதனைக் காட்டியபோது சுடர் வில்போல் வளைந்து நின்றமையால் அப்பெயர். வெல்டிங் பட்டறையில் கண்ணைக் கூசச் செய்வது அதுவே. கூரிய முனையினின்று ஓசையின்றிக் கசியும் மூன்றாவது வகையும் உண்டு. பாடநூலார் அதனைக் கூர்முனைச் செயல் என்பர்.

இம்மூன்றாவதை நம்பியே பிராங்க்ளின் கட்டடங்களின்மேல் கூர்ங்கம்பி நடச் சொன்னார். மேகத்தின் மின்னை அக்கம்பி மெல்லமெல்ல உறிஞ்சிவிடும் என்பது அவர் எண்ணம். அவ்வளவு வலிமை ஒரு கம்பிக்கு இல்லை என்பது பின்னர்த் தெளிந்தது. கம்பி காப்பது வேறு வகையால். பாய்ந்துவரும் மின்னுக்குக் கட்டடத்தைத் தவிர்த்து மண்ணுக்குச் செல்ல நல்வழி காட்டுகின்றது. நாமோ அதற்கு இடிதாங்கி என்று பெயரிட்டோம். அது இடியையும் அறியாது, எதனையும் தாங்குவதுமில்லை. கூரையில் கம்பி இருந்தால் போதும், அதை மண்ணிற் புதைத்த முனை துருப்பிடித்து அற்றாலும் தாழ்வில்லை என்னும் மயக்கத்துக்கு அப்பெயரும் ஒரு காரணமென்பேன். மின்னல் கடத்தி என்று கூறின், எங்கே கடத்துகின்றது என்ற கேள்வியேனும் பிறக்கும்.

இடியை ஓசையென்று மட்டுமே கொண்டவர்கள் ஓசையாலேயே அதனை ஓட்ட முயன்றதில் வியப்பில்லை. நம்மவர் "அர்ச்சுனா, அர்ச்சுனா" என்று காதைப் பொத்திக்கொண்டனர். ஐரோப்பாவில் இடிமுழங்கும்போது மாதாகோயில் மணியை விடாது அடித்தனர். ஊரில் மிக உயர்ந்த கட்டடத்தினின்று தொங்கும் ஈரக்கயிற்றைப் பிடித்துக்கொண்டு ஒருவன் நிற்பதைவிட மின்னலுக்கு உகந்த அழைப்பு வேறில்லை. 33 ஆண்டுகளில் 386 கோபுரங்கள் தாக்குண்டு 103 மணியடிப்போர் மாண்டனர் என்று 1784-இல் மியூனிக் நகரில் வெளியான ஒரு நூல் கணக்குக் காட்டிற்று. அர்ச்சுனனை அழைத்தவர்கள் தப்பினார்கள். அவர்கள் கையிற் கயிறு இல்லை.

இனி மின்கசிவு என்னும் சொல். "மின்கசிவினால் தீ" என்று செய்தித்தாளில் வாசியாத வாரமில்லை. கசிவு என்பது காப்புறை கெட்டு, ஈரச்சுவர் வழியாகவோ மனிதன் உடல் வழியாகவோ மின் மண்ணுக்கு ஒழுகுவது. இரு கம்பிகள் ஒன்றோடொன்று தொட்டுக்கொள்வது குறுக்குச்சுற்று. தளர்ந்த திருகாணியிலும் நைந்த கம்பியிலும் எரிவது மின்வில். தீ வைப்பதில் முன்னதைவிடப் பின்னிரண்டுக்கும் பங்கு மிகுதி. இம்மூன்றையும் கசிவென்றே எழுதினால் என்ன கேடு? கசிவைக் கண்டு மின்னைத் துண்டிக்கும் கருவி வீடுகளில் இருத்தல் வேண்டுமென்று இந்நாட்டின் 1994-ஆம் ஆண்டு மின்சார ஒழுங்குவிதிகள் கூறுகின்றன. அக்கருவி மாட்டியவன், கசிவைத்தான் தடுத்துவிட்டோமே என்று லயத்து வீட்டின் கருகிய பிளக்கில் மூன்று கம்பிகளை இணைத்துக்கொண்டு உறங்குவான். தளர்ந்த இணைப்பில் எரியும் வில்லை அக்கருவி உணராது.

தோட்டத்துக்கு வருவோம். கிள்ளான் பள்ளத்தாக்கையும் அதை அடுத்த பகுதிகளையும் உள்ளிட்ட இக்கரையோரம் உலகில் இடிமுழக்கம் மிகுந்த இடங்களுள் ஒன்று. பருவக்காற்றுக்கள் மாறும் ஏப்ரல், மே மாதங்களிலும் அக்டோபர், நவம்பர் மாதங்களிலும் பிற்பகல் மழை அதனைக் கொணரும். தென்மேற்குக் காற்றின் காலத்திலோ, மலாக்கா நீரிணையைக் கடந்து விடியலுக்கு முன்னே வந்து மோதும் சுமத்திராப் புயல்மழை உண்டு. பால்மரம் சீவுவோர் காட்டில் நிற்கும் வேளை அது. ஒரே மின்னலில் ஒரு மரமன்று, சுற்றியுள்ள பல மரங்களும் பட்டுப்போய் வட்டமாகக் காடு வெறுமையாவதைப் பழைய மண்டோர்கள் காட்டுவர். மின் மரத்தில் மட்டும் நின்றுவிடுவதில்லை. பட்டையினின்று அருகில் நிற்பவன்மேல் பாயும்; வேரடி மண்ணிற் பரவி, அகல வைத்த இரு காலுக்கிடையே ஏறி இறங்கும். மாடுகள் கூட்டமாக மடிவது இவ்வாறே. ரப்பர்ச் சப்பாத்து இதற்குக் காப்பாகாது. கிலோமீட்டர்க் கணக்கான காற்றைத் துளைத்து வந்ததற்கு அரை அங்குல ரப்பர் எம்மாத்திரம்? "இடி எங்கேயோ விழுந்துவிட்டது" என்று மரத்தடியிற் காத்திருப்பதே நம் வழக்கம். இடி கேட்டதெனின் அடுத்த மின்னிறக்கம் எட்டும் தொலைவில் நாம் நிற்கின்றோம் என்று பொருள். அப்பொழுதே கட்டடத்துக்குள்ளோ மூடிய லாரிக்குள்ளோ புக வேண்டும். கடைசி முழக்கத்துக்குப் பின் 30 நிமிடம் செல்லும்வரை வெளிவரலாகாது.

இன்று வட சிலாங்கூரில் ரப்பரைவிடச் செம்பனையே மிகுதி. குலை வெட்டும் அரிவாளை அலுமினியக் கழியில் மாட்டி, உயர்ந்த மரங்களுக்கு 10 மீட்டருக்கு மேலும் நீட்டுகின்றனர். அக்கழி மின்கம்பியைத் தொட்டு ஆட்கள் இறந்த செய்திகள் செம்பனை விளையும் நாடுகளிலெல்லாம் உண்டு. "கரண்டு பிடித்துக்கொண்டது" என்கின்றனர் உடனிருந்தோர். உயர்ந்த அழுத்தமுள்ள கம்பி பிடித்துக்கொள்ளும்வரை காத்திருப்பதில்லை. நெருங்கிய உலோகத்துக்கு இடைவெளியைத் தாண்டித் தன் பாரத்தை இறக்கிவிடும். மேகம் செய்வதைச் சிறிய அளவில் அதுவும் செய்கின்றது. கம்பிகளின்கீழ் "தொடாதே" என்றெழுதிய பலகைகளைப் பல இடங்களிற் காண்கின்றோம். "நெருங்காதே" என்றே அவற்றில் எழுதப்பட வேண்டும். அப்பலகைகளைக் கடக்கும்போது கழியை நிமிர்த்துச் சுமக்காமல், சுருக்கி, தரையோடு கிடையாகப் பிடித்தே கொண்டுசெல்ல வேண்டும்.